நாலு மணிக்கு வரும் ரெண்டாவது ஆள்

வாங்க தம்பி, உள்ள வாங்க. செருப்பை அங்கிட்டே போட்டுருங்க. மூணேகாலுக்கு வர்றேன்னு போன்ல சொன்னீங்க, இப்போ மணி மூணு பதினேழு. சரி, ரெண்டு நிமிசம் மன்னிச்சாச்சு. ஆனா நாலு மணிக்குள்ள இந்த நெட்டு கனெக்சனைக் கழட்டி, மோடத்தை எடுத்துட்டுக் கிளம்பிரணும். நாலு மணிக்கு எனக்கு வேலை இருக்கு.

அந்த டி.வி.க்குக் கீழ ஒரு சின்ன டப்பா இருக்கு பாருங்க, சோப்பு டப்பா கணக்கா, சிவப்பு லைட் எரியுது. அதை மட்டும் தொட்டுராதீங்க. பிளக்கைப் புடுங்கிராதீங்க. சட்டுன்னு கரண்டை நிறுத்தினா உள்ள இருக்கிற கார்டு கெட்டுப் போயிருமாம். அதுல எங்க வீட்டம்மா இருக்கா.

சிரிக்கலையா நீங்க? பரவால்லயே. இதைக் கேட்டுச் சிரிக்காத மொத ஆளு நீங்கதான். எங்க அண்ணன் சிரிச்சாரு. அடுத்த வீட்டு வாத்தியார் சிரிக்கல, ஆனா அன்னையிலருந்து என்னைப் பாத்தா வேற பக்கம் பாத்துக்கிட்டுப் போறாரு. அதுக்குச் சிரிச்சிருந்தாலும் தேவலை.

நான் கோட்டிக்காரன் இல்ல தம்பி. இதே விருதுநகர் பஸ் ஸ்டாண்டுல முப்பத்தோரு வருசம் டைம் கீப்பரா இருந்தவன். நான் விசில் ஊதி அனுப்புன பஸ்ஸு ஒண்ணு ஒரு நிமிசம் பிந்திப் போச்சுன்னு எவனாவது சொல்லட்டும் பாப்போம். பொண்ணு மாப்பிள்ளை மாலையோட ஓடி வந்தாலும் சரி, நேரம் ஆச்சுன்னா ஆச்சு, அடுத்த வண்டியில வாங்கன்னு கையைக் காட்டிருவேன். டிரைவர், கண்டக்டர் எல்லாம் என்னைக் கடிகாரம்னுதான் கூப்பிடுவாங்க. முதுகுக்குப் பின்னால வேற பேரு வெச்சிருப்பாங்க, அது நமக்கெதுக்கு.

உங்க பேப்பர்ல மாரீஸ்வரன்னு போட்டிருக்குல்ல? அவன் எம்மகன். அவன் பேரை இந்த வீட்ல நான் வாயால சொல்றதில்ல, நீங்களா படிச்சுக்கோங்க. குவைத்துல ஒரு கம்பெனியில கம்ப்யூட்டர் பாக்குறான். இந்த நெட்டு அவன் போட்டது. அவன் போட்ட எதுவும் இந்த வீட்ல இருக்கக் கூடாது, அதுக்குத்தான் உங்களை வரச் சொன்னேன். ஏன்னு சொல்றேன். நீங்க பாட்டுக்கு வேலையப் பாத்துக்கிட்டே கேளுங்க.

அவன் சின்னப் பையனா இருக்கையில வீட்ல கேசட் போட்டு ஆடுற டி.வி. கேம் ஒண்ணு இருந்துச்சு. எங்க வீட்டம்மா பேரு சீனியம்மா, அவ தம்பி வாங்கிக் குடுத்தது. சாயங்காலமானா ஆத்தாளும் மகனும் அதுக்கு முன்னாடிதான். ரெண்டு ஆளுக துப்பாக்கியத் தூக்கிக்கிட்டு ஓடுவானுக, குதிப்பானுக, சுடுவானுக, நீங்களும் ஆடிருப்பீங்க. எனக்கு அது சுத்தமா ஆகாது. ஒரு தடவை எட்டாவது கணக்குல இருபத்தெட்டு மார்க்கு வாங்கிட்டு வந்தான். நான் அந்தப் பெட்டியத் தூக்கி வாசல்ல போட்டு உடைச்சேன். உடைச்சேன், இல்லங்கல. அதுக்கப்புறம்தானே படிச்சு ஆளானான்? ஒரு நாள் சொல்லிருப்பானா, அப்பா அன்னைக்கு நீங்க உடைச்சது நல்லதாப் போச்சுன்னு? சொல்ல மாட்டான். நன்றி கெட்டவன்.

மூணு வருசத்துக்கு முந்தி லீவுல வந்தப்போ இந்த டப்பாவைக் கொண்டாந்தான். டப்பா இல்லயாம், முழு கம்ப்யூட்டராம். உள்ளங்கை அளவுக்கு ஒத்த போர்டு, அதுலயே எல்லாம் அடங்கியிருக்கு. அதுல எமுலேட்டர்னு ஒரு சாஃப்ட்வேரைப் போட்டு, அந்தப் பழைய கேசட் கேமையெல்லாம் ஓட விட்டான். அவ கேட்டா, ‘அந்தப் பெட்டிதான் உடைஞ்சு போச்சேடா, பெறகு எப்படி இதுல ஓடும்?’ அவன் சொன்னான், ‘இது அந்தப் பெட்டி மாதிரியே நடிக்கும்மா. கேமுக்கு வித்தியாசம் தெரியாது.’ என்னையப் பாத்துக்கிட்டேதான் சொன்னான். நான் பேப்பரைத் திருப்பிக்கிட்டேன்.

அவளுக்கு இங்கிலீஷ் படிக்க வராதுல்ல, அதனால இதைப் போட்டா வேற எதுவும் கேக்காது, நேரா அந்த ஒரு கேம்தான் வரும், அப்படிப் பண்ணி வெச்சிட்டுப் போனான். டப்பாவுல இருந்து உங்க மோடத்துக்கு ஒரு வயரு போகுது பாருங்க, அதுவும் அவன் இழுத்ததுதான். எதுக்குன்னு நான் கேட்டுக்கல. வெள்ளிக்கிழமையானா காதுல போனை மாட்டிக்கிட்டு இதுக்கு முன்னாடி உக்காந்துருவா. அவனுக்கு அங்க வெள்ளிக்கிழமைதான் லீவு. அவன்கூடப் பேசிக்கிட்டே இங்க இவ ஆடுவா. நான் பஸ் ஸ்டாண்டுக்குக் கிளம்பிருவேன். ரிட்டயர் ஆனாலும், எந்த வண்டி எம்புட்டு பிந்துதுன்னு ஒரு எட்டு பாத்துட்டு வரலேன்னா எனக்குச் சோறு எறங்காது.

அவளுக்கு இளைப்பு. பஞ்சு மில்லுல பதினஞ்சு வருசம் இருந்தவ. போன வருசம் ஒரு வியாழக்கிழமை சாயங்காலம், பேசிக்கிட்டே இருந்தா, மூச்சு நின்னு போச்சு.

மறுநாள் வெள்ளி. நாலு மணிக்கு எடுக்கிறதுன்னு சொந்தபந்தம் எல்லாருக்கும் சொல்லியாச்சு. சனிக்கிழமை வரைக்கும் வெச்சிருக்கக் கூடாதுன்னு பெரியவங்க சொல்லிட்டாங்க. அவன் ரெண்டு மணிக்குத் திருச்சி ஏர்போர்ட்ல எறங்கிட்டு போன் பண்றான். ‘அப்பா, கார் புடிச்சுட்டேன், அஞ்சரைக்குள்ள வந்துருவேன்’னு. நல்லாக் கேளுங்க தம்பி, நான் சொன்னது நாலு, அவன் சொன்னது அஞ்சரை. நாலு ஆச்சு. எங்க அண்ணன் வந்து, ‘டேய், ஒத்த மகன்டா. இருட்ட இன்னும் நேரம் கெடக்கு, இருப்போம்டா’ன்னாரு. நான் வாட்சைப் பாத்தேன். ‘தூக்குங்க’ன்னேன். அண்ணன் மகன் முனீஸ்தான் கொள்ளி வெச்சான்.

அவன் சுடுகாட்டுக்கு வந்து சேர்ந்தப்போ அஞ்சு முப்பது. எரிஞ்சுக்கிட்டிருந்துச்சு. பெத்த தாய்க்கு ஒண்ணரை மணி நேரம் லேட்டு! என் தோள்ல சாஞ்சு அழுவான்னு பாத்தேன். தூரமா நின்னுக்கிட்டு, ‘ஒண்ணரை மணி நேரம்ப்பா’ன்னான். அதையேதானய்யா நானும் சொல்றேன், ஒண்ணரை மணி நேரம்! அவன் எதுக்கு அதை என்கிட்ட சொன்னான்னு இன்னைக்கு வரைக்கும் எனக்குப் புரியல. மூணாம் நாள் பால் தெளிச்சதும் கிளம்பிட்டான். அதோட பேச்சு அத்துப்போச்சு. பதினாலு மாசம் ஆச்சு.

இருங்க, கலர் ஒண்ணு எடுத்துட்டு வர்றேன். குடிங்க, வெயிலு மண்டையப் பொளக்குது.

முப்பதாம் நாள் கும்பிட்டதுக்கு அப்புறம் வந்த வெள்ளிக்கிழமை. பஸ் ஸ்டாண்டுக்குப் போகப் புடிக்கல. வீடு ஓன்னு கெடக்கு. அவ உக்காருற எடத்துல உக்காந்தேன். சும்மா, ஒரு சத்தமாவது கேக்கட்டும்னு டி.வி.யப் போட்டு இதையும் போட்டேன். கேம் வந்துச்சு. ரெண்டு ஆளும் வந்து நிக்கிறானுக. நான் கையில எதையும் எடுக்கல தம்பி, கையக் கட்டிக்கிட்டு உக்காந்திருக்கேன். சொவர்க் கடிகாரம் நாலு அடிச்சுச்சு. ரெண்டாவது ஆளு குதிச்சான்.

ரெண்டாவது ஆளுக்குன்னு ஒரு ரிமோட்டு உண்டு. அது அந்த அலமாரில பாலிதீன் கவர்ல சுத்தி வெச்சது வெச்சபடி இருக்கு. போயி எடுத்துப் பாத்தேன். வயரு சுத்துன நூலுகூட அவிழல. திரும்பி வந்தா, திரையில அவன் அங்கிட்டு ரெண்டு தடவை குதிக்கிறான், இங்கிட்டு வந்து எனக்குப் பக்கத்துல நிக்கிறான். வான்னு கூப்பிடுற மாதிரி. நான் கும்பிட்டேன். ‘சீனியம்மா, நீயா?’ன்னு கேட்டேன். ஒரு குதி குதிச்சுச்சு.

பயந்தேன், இல்லங்கல. ஆனா பயத்தைவிட சந்தோசம் ஜாஸ்தி தம்பி. அவ என்னைய விட்டுட்டுப் போகல பாத்தீங்களா?

அடுத்த வெள்ளியும் வந்தா. அதுக்கு அடுத்த வெள்ளியும். எப்பவும் சரியா நாலு மணிக்கு. மூணு அம்பத்தொம்போது கெடையாது, நாலு ஒண்ணு கெடையாது. அவளை எடுத்த நேரம்ல அது! உசுரோட இருந்தப்போ ஒரு கல்யாண வீட்டுக்கு நேரத்துக்குக் கிளம்பினவ கெடையாது, செத்ததுக்கப்புறம் நேரம் கத்துக்கிட்டான்னு நானே சிரிச்சுக்குவேன். சில நாளு ஓடிக்கிட்டே இருக்கும்போது படம் திக்கித் திக்கி நிக்கும். நின்னு, பெறகு படக்குன்னு நாலு எட்டு ஓடும். அவளுக்கு மூச்சு வாங்குது. அங்க போயும் அந்த இளைப்பு அவளை விடல பாருங்க. நானும் நிப்பேன். ‘மெதுவா வா, அவசரமில்ல’ன்னு சொல்லுவேன்.

எனக்கு என்ன ஆடத் தெரியும்? எந்தப் பட்டனு குதிக்கிறது, எது சுடுறதுன்னு பழகவே ரெண்டு மாசம் ஆச்சு. பள்ளத்துல விழுந்து விழுந்து சாவேன். ஆளுக்கு மூணு உசுருதான். என்னோடது தீந்துபோனா, ஒரு பட்டனை அமுத்தினா அவளோட உசுருல ஒண்ணு எனக்கு வந்துரும், அந்தக் கேம்ல அப்படி ஒரு வசதி. எனக்கு அது தெரியாமலே அமுத்திட்டேன். பெறகு தெரிஞ்சே அமுத்துனேன். ஒரு நாளு கோவிச்சுக்கிட்டா போனா? இல்ல. முன்னாடி ஓடிப்போயி எதிராளிகளையெல்லாம் சுட்டுத் தள்ளிட்டு, பள்ளத்துக்கு அந்தப் பக்கம் நின்னு, நான் தாண்டுற வரைக்கும் அசைய மாட்டா. எம்புட்டு நேரமானாலும் நிப்பா. அதான் தம்பி அவ கொணம். நாப்பது வருசம் குடும்பம் பண்ணினவனுக்கு அவ நடையே சொல்லிரும்.

போன மாசம் ரெண்டு வெள்ளி வரலை.

நாலு ஆச்சு, அஞ்சு ஆச்சு, ரெண்டாவது ஆளு நட்டமா நிக்கிறான். நான் பச்சைத் தண்ணி குடிக்கல. அதுக்கு முந்துன வாரம் ஆடிக்கிட்டே, ‘உம்மகன் ஒரு போனு பண்ணினானா பாத்தியா, அவன்லாம் ஒரு புள்ளையா’ன்னு அவகிட்ட வஞ்சுட்டேன். அதுல கோவிச்சுக்கிட்டாளோன்னு எனக்கு ஒரே கலக்கம். கோடாங்கியக் கூட்டியாந்தேன். உடுக்கையடிச்சுப் பாத்துட்டு அவரு சொன்னாரு, ‘கொள்ளி வைக்காத புள்ளையோட சாமான் வீட்ல கெடக்கு, அது வாசல்ல நின்னு அவளை மறிக்குது. ஒண்ணு விடாம வெளியேத்து, நிம்மதியா வருவா’ன்னு. அவன் சட்டை, அவன் படிச்ச சர்ட்டிபிகேட்டு, அவன் குடுத்த டச் போனு எல்லாத்தையும் முனீஸ் வீட்ல கொண்டுபோயிப் போட்டேன். அடுத்த வெள்ளியே வந்துட்டா! டி.வி. முன்னாடி சேவும் போளியும் வெச்சுப் படைச்சேன். மிச்சம் இருந்தது உங்க நெட்டு ஒண்ணுதான். அதையும் எடுத்துட்டா, எம்புட்டு காலத்துக்கும் அவ என்கூடவே இருப்பா. அம்புட்டுத்தான் எனக்கு வேணும், வேற ஒண்ணும் வேண்டாம்.

என்ன கேட்டீங்க? இந்த டப்பாவும் அவன் வாங்குனதுதானேன்னா? அவன் வாங்குனாலும் அவளுக்குன்னு செஞ்சது. கோடாங்கிகிட்ட அதை நான் சொல்லிக்கல. கேட்டாத்தானே சொல்லணும்.

வயரைக் கழட்டியாச்சா? நல்லது. என்ன தம்பி, அதைக் கையில புடிச்சுக்கிட்டு அப்படியே நிக்கிறீங்க? முகம் ஏன் ஒரு மாதிரி இருக்கு? மணி மூணு அம்பத்தாறு. வேலை முடிஞ்சுதுல்ல, உக்காருங்க. சிரிக்காமக் கேட்ட மனுசன் நீங்க, இருந்து கண்ணால பாத்துட்டே போங்க. கையெழுத்தைப் பெறகு போட்டுக்கலாம்.

பாருங்க, இவன் நான். நீலக் கால்சட்டை. அந்தச் செவப்புக் கால்சட்டை அவ. இன்னும் ஒரு நிமிசம் இருக்கு.

நாலு.

வருவா.

நாலு ஒண்ணு. இப்படி ஆகாதே. சீனியம்மா, ஒரு ஆளு வந்திருக்காரு, நல்ல புள்ளைதான், பயப்படாம வா.

நாலு நாலு. ஐயா, என்னத்தைக் கழட்டினீங்க நீங்க? அந்த டப்பாவைத் தொட்டீங்களா? தொடாதீங்கன்னு படிச்சுப் படிச்சு சொன்னேனே! எதையோ பண்ணிட்டீங்க. அசையவே மாட்டேங்கிறாளே, என்னய்யா பண்ணுனீங்க எங்க வீட்டம்மாவை? மாட்டுங்க. எது எது எங்கெங்க இருந்துச்சோ அங்கங்க மாட்டுங்க! மோடத்தையும் போடுங்க! நெட்டு இருந்தா இருந்துட்டுப் போகுது, எனக்கு அவ வேணும்.

என்னது?

வயரு வழியாவா? என்ன பேச்சு பேசுறீங்க. அங்க ஒரு டப்பா வெச்சுக்கிட்டு, இங்க ரெண்டாவது ஆளா… குவைத்துல உக்காந்துக்கிட்டா? சும்மா இருங்க தம்பி. கேமு வீட்டுக்குள்ள இருக்கு, அவன் கடலுக்கு அந்தப் பக்கம் இருக்கான். அதோட சரியா நாலு மணிக்கு வர்றது அவன்கிறீங்களா? நாலு மணிக்கு வரத் தெரியாதவன்யா அவன்!

அப்போ இளைப்பு? அந்தத் திக்கித் திக்கி நிக்கிறது? நெட்டு ஸ்லோவா? அது இளைப்பு இல்லயா?

அவ இல்லயா?

கொஞ்சம் தண்ணி குடுங்க. அந்தச் சொம்புலதான். ம். அப்படின்னா ஆத்தாளும் மகனும் அன்னைக்கே இதுலதான் சேந்து ஆடிருக்காங்க. நான் என்னமோ அவ ஒத்தையில உக்காந்து தனக்குத்தானே சிரிச்சுக்கிட்டு இருக்கான்னு பஸ் ஸ்டாண்டுக்குப் போயிட்டேன். பதிமூணு மாசமா நான் பேசினது, அழுதது எல்லாம்… அவனுக்குக் கேட்டிருக்காதுல்ல? சத்தம் போகாதுல்ல? நெசமாத்தானே? நல்லவேளை. மானம் போயிருக்கும்.

ரெண்டு வெள்ளி வரலையே. அந்த ரெண்டு வெள்ளி அவனுக்கு என்ன தம்பி ஆச்சு? காய்ச்சல்ல கெடந்தானா? ஆஸ்பத்திரியில கெடந்தானா? அங்க யாரு கஞ்சி வெச்சுக் குடுத்திருப்பா அவனுக்கு? நான் இங்க கோடாங்கிக்குக் கோழி அடிச்சுக்கிட்டு இருந்திருக்கேன்.

மாட்டிட்டீங்களா. பச்சை லைட் வந்துருச்சு. அந்தா, அசையுறான்! அசையுறான் பாருங்க!

என்ன இது? எதுக்குக் கீழ படுக்குறான்? எதிராளி ஒருத்தனும் வரலையே, எதுக்குக் குப்புறப் படுத்துக் கெடக்கான்? இத்தனை நாள்ல இப்படிப் பண்ணினதே இல்ல. பத்து நிமிசம் இந்தப் பக்கம் ஒண்ணும் அசையலைன்னதும், எல்லாம் போச்சுன்னு பயந்துட்டானோ. நேரா எனக்கு முன்னாடி, கையை நீட்டிக்கிட்டு… தம்பி, விழுந்து கும்பிடுறான் தம்பி.

இல்ல, எனக்கு இல்ல. நீங்க சொல்றீங்க, ‘அவருக்கு நீங்கன்னு தெரிஞ்சிருக்கும் ஐயா, வீட்ல இருக்கிறதே நீங்க ஒரு ஆளுதானே’ன்னு. உங்களுக்கு அவனைத் தெரியாது. மூணாம் நாளு கிளம்பையில ஆத்தா படத்துக்கு முன்னாடி நெடுஞ்சாண்கிடையா விழுந்து எந்திரிச்சவன், நான் பக்கத்துல நிக்கிறேன், என்னையத் தாண்டிக்கிட்டுப் போனான். என் கால்ல அவன் விழ மாட்டான். நான் இந்தக் கேமைக் கண்டாலே காறித் துப்புறவன்னு அவனுக்குத் தெரியும். டி.வி.க்கு முன்னாடி நான் உக்காந்திருப்பேன்னு கனவுலகூட நெனைக்க மாட்டான். அப்போ யாருன்னு நெனச்சு அவன் வெள்ளிக்கு வெள்ளி வர்றான்? யாருக்கு உசுரைக் குடுத்தான்? யாரு தாண்டுறவரைக்கும் நின்னான்?

அவனும் அவகூடத்தான் ஆடிக்கிட்டிருக்கான். என்னைய மாதிரியே.

அந்தப் பேப்பரைக் குடுங்க. கிழிச்சாச்சு. கனெக்சன் இருக்கட்டும், யார் பேர்ல வேணும்னாலும் இருக்கட்டும். ஒண்ணே ஒண்ணு மட்டும் கெஞ்சிக் கேக்குறேன். உங்க ஆபீஸ்ல இருந்து அவனுக்குப் போனு கீனு பண்ணி, உங்க அப்பாதான் ஆடுறாருன்னு சொல்லிராதீங்க. தெரிஞ்சா வர மாட்டான். என்னால அவன் ஒரு தடவை ஆத்தாளைப் பாக்க முடியாமப் போச்சு, ரெண்டாந்தடவையும் ஆக வேண்டாம். இனிமே நான்தான் சீனியம்மா. அவ ஆடுற மாதிரியே ஆடிட்டுப் போறேன்.

அவ எப்படித் தம்பி ஆடுவா?

நாப்பது வருசத்துல ஒரு நாளு பக்கத்துல உக்காந்து பாத்திருந்தாத் தெரிஞ்சிருக்கும். மகன் விழுந்து கும்பிட்டா ஆத்தா இதுல என்ன செய்வா, குதிப்பாளா, கிட்டப் போயி நிப்பாளா, எந்தப் பட்டனை அமுத்துவா? நீங்க ஆடிருக்கீங்கல்ல, வெரசாச் சொல்லுங்க தம்பி. அவன் எந்திரிக்க மாட்டேங்கிறான்.